கொடுக்காத யானையும் கொடுத்த கட்டபொம்மனும்

புதுக்கோட்டையில் வரலாற்றாசிரியர் ஆக எம்.ஏ. படிக்க வேண்டியதில்லை. ஒன்றியச் செயலாளர் ஆனால் போதும். பதவி வந்த மறு மாதமே ஏதாவது ஒரு மன்னருக்கோ தளபதிக்கோ குருபூஜை வந்துவிடும். பஸ் ஸ்டாண்டு எதிரே ஃபிளெக்ஸ் ஏறும். இடது மூலையில் கட்சித் தலைவர், வலது மூலையில் தலைவரின் வாரிசு, நடுவில் மீசையை முறுக்கியபடி நம்மாள், அவர் கையில் ஃபோட்டோஷாப்பில் ஒட்டிய வாள். விழா நாயகரான பாவப்பட்ட மன்னர் கீழே, அச்சகத்தின் செல்போன் நம்பருக்குப் பக்கத்தில் பாஸ்போர்ட் சைஸில் நிற்பார். மேடை ஏறி மைக்கைத் தட்டிப் பார்த்ததும் நம்மாள் கேட்கும் முதல் கேள்வி, “வரலாறு தெரியுமாடா உனக்கு?” எதிர்க்கட்சியைப் பார்த்துத்தான் கேட்கிறார். அவர்களுக்கும் தெரியாது. அடுத்த வாரம் அதே மைக்செட், அதே சாமியானா, அவர்கள் இவரைப் பார்த்துக் கேட்பார்கள்.

துருக்கியில் இந்தத் தொழில் கொஞ்சம் ஒழுங்காக நடக்கிறது. அங்கே முதலில் பேராசிரியர் ஆகிறார்கள், பிறகுதான் அரசியல்வாதி ஆகிறார்கள். ஃபுவாத் கோப்ருலு இலக்கிய வரலாற்றில் உலகம் மதித்த அறிஞர். 1946இல் ஜனநாயகக் கட்சியைத் தொடங்கிய நால்வரில் ஒருவர், 1950 முதல் 1956 வரை வெளியுறவு அமைச்சர். யூசுஃப் ஹலாச்சோக்லு 1993 முதல் 2008 வரை துருக்கி வரலாற்றுக் கழகத்தின் தலைவர். ஆர்மீனியர் இனப்படுகொலை நடக்கவே இல்லை என்று ஆவணங்களை அடுக்கி வாதாடியவர். அதற்குப் பிறகு 2011இல் தேசியவாதக் கட்சி எம்.பி. அந்தக் கழகமே 1931இல் அதாதுர்க் தொடங்கி வைத்ததுதான். அடுத்த சில வருடங்களில் உலக மொழிகளுக்கெல்லாம் தாய் துருக்கிமொழியே என்று ஒரு கொள்கையையும் அரசாங்கமே ஆசீர்வதித்தது. இதைப் படிக்கும் தமிழர்கள் யாரும் சிரிக்க வேண்டாம். நம் வீட்டிலும் அதே சரக்கு மூட்டை மூட்டையாக இருக்கிறது.

பொய்யோ மெய்யோ, அவர்கள் சுவடி பார்த்தார்கள், அடிக்குறிப்பு போட்டார்கள். இங்கே ஆள் முதலில் எம்.எல்.ஏ. ஆகிறார், பிறகு வரலாற்று ஆய்வாளர் ஆகிறார். அடிக்குறிப்பு இருக்க வேண்டிய இடத்தில் அடியாள் நிற்கிறான்.

இவர்களுக்கு முன்னால் புதுக்கோட்டையில் வரலாறு அரண்மனைச் சரக்காக இருந்தது. 1916இல் மகாராஜா கல்லூரி முதல்வர் எஸ். ராதாகிருஷ்ண ஐயர் சமஸ்தானத்தின் பொது வரலாற்றை ஆங்கிலத்தில் எழுதினார். 1938 முதல் 1944 வரை கே.ஆர். வெங்கடராம ஐயர் பொறுப்பில் சமஸ்தான மேனுவல் பாகம் பாகமாக வந்தது. உழைப்பில் குறை சொல்ல முடியாத புத்தகங்கள். இன்றைக்கும் புதுக்கோட்டையைப் பற்றி ஒரு வரி எழுதுகிறவன் அந்த இரண்டையும் தொடாமல் நகர முடியாது. ஆனால் சம்பளம் கொடுப்பவர் சமஸ்தானத்து ராஜா தொண்டைமான், தொண்டைமானுக்கு மேலே வெள்ளைக்காரன். பேனா எந்தப் பக்கம் சாயும் என்பதற்கு ஆராய்ச்சி வேண்டாம்.

1799 செப்டம்பரில் கட்டபொம்மனின் பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை விழுந்தது. தப்பி வடக்கே வந்த கட்டபொம்மன் திருக்களம்பூர்ப் பக்கத்துக் காட்டில் தொண்டைமான் ஆட்களிடம் பிடிபட்டார். கிழக்கிந்தியக் கும்பினியிடம் ஒப்படைத்தார்கள். கும்பினி மேஜர் பானர்மன் அக்டோபர் 16ஆம் தேதி கயத்தாற்றில் தூக்கில் போட்டான். இரண்டு வருடம் கழித்து மருது சகோதரர்கள் மேல் கும்பினி படையெடுத்தபோதும் புதுக்கோட்டை கும்பினிப் பக்கமே நின்றது. 1803இல் கூலி வந்தது. நெடுநாளாகத் தஞ்சாவூரோடு இழுபறியில் இருந்த கீழாநிலைக் கோட்டையும் சுற்றியுள்ள நாடும் தொண்டைமானுக்கு. சும்மா கொடுத்தால் கௌரவமாக இருக்காதென்று வெள்ளைக்காரன் ஒரு குத்தகையும் விதித்தான். வருடத்துக்கு ஒரு யானை.

தொண்டைமான் அந்த யானையைக் கொடுக்கவே இல்லை. கும்பினியும் கேட்கவில்லை. முப்பத்து மூன்று வருடம் பார்த்துவிட்டு 1836இல், போகட்டும், யானை வேண்டாம் என்று எழுத்து மூலமாகவே தள்ளுபடி செய்துவிட்டார்கள். கடன் தள்ளுபடி என்றால் விவசாயிகளுக்காகக் கண்டுபிடித்தது என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். விதித்த யானையைக் கொடுக்காமலும், ஓடிவந்த ஆளைக் கொடுத்தும் ஒரு சமஸ்தானம் 1948 மார்ச் 3 வரைக்கும் நிலைத்து நின்றது. சொந்தமாக அம்மன் காசு அடித்தது, தர்பார் நடத்தியது. அரண்மனைப் புத்தகங்கள் இதை நேச தருமம் என்கின்றன. நட்பு நாடு, உடன்படிக்கை, கடமை. வாக்கியங்கள் இஸ்திரி போட்ட அங்கவஸ்திரம் மாதிரி மடிப்புக் கலையாமல் இருக்கின்றன.

பிறகு மேடை எழுதிய வரலாறு வந்தது. அதை எழுதியவர் நம் ஊர் ஒன்றியச் செயலாளர்கள் பக்கத்தில் வைத்துப் பேசக்கூடாத ஆள். ம.பொ.சிவஞானம், 1906இல் சென்னையில் ஏழை வீட்டில் பிறந்து, மூன்றாம் வகுப்போடு படிப்பை விட்டு, அச்சகத்தில் எழுத்துக் கோர்த்துப் பிழைத்தவர். 1942இல் சிறைக்குப் போய் உடம்பைத் தொலைத்துச் சிலப்பதிகாரத்தோடு வந்தார். 1946இல் தமிழரசுக் கழகம் தொடங்கினார். திருத்தணி இன்றைக்குத் தமிழ்நாட்டில் இருக்கிறதென்றால் அவர் தெருவில் நின்றதும் ஒரு காரணம். அந்த மனிதர்தான் சுதந்திரம் கிடைத்த சூட்டோடு கட்டபொம்மன் கதையைக் கையில் எடுத்தார். வெள்ளைக்காரன் ஏட்டில் கலகக்காரப் பாளையக்காரன் என்று கிடந்தவரை முதல் விடுதலை வீரன் என்று நிறுத்தினார். புத்தகம் நாடகம் ஆனது, நாடகம் 1959இல் பந்துலுவின் படம் ஆனது. சிவாஜி கணேசன் ஜாக்சன் துரை முன்னால் கர்ஜித்த நாளிலிருந்து தமிழ்நாட்டில் ஒரு குழந்தைக்கும் 1799 பற்றி வேறு எந்தப் புத்தகமும் தேவைப்படவில்லை.

ம.பொ.சி.க்குத் தேவைப்பட்டது ஒரு வீரன். எட்டயபுரமும் புதுக்கோட்டையும் அந்த வீரனுக்குச் செலவு. எட்டப்பன் என்ற பெயர் அகராதிக்குள் போய்விட்டது. நாங்கள் அந்த அளவுக்குப் புகழ் பெறவில்லை. இருந்தாலும் வெளியூர் ஹாஸ்டலில் புதுக்கோட்டை என்று சொன்னால், “ஓ, கட்டபொம்மனைக் காட்டிக்கொடுத்த ஊரா?” என்று கேட்க எந்த பேட்சிலும் ஒருத்தன் இருப்பான். அவன் சொந்த ஊர்ப் பாளையக்காரர் அதே 1799இல் கும்பினிக்கு அரிசி அளந்து கொடுத்திருப்பார். சினிமா எடுக்க யாரும் முன்வராததால் அவன் குடும்பம் தப்பித்தது.

துரோகம் என்றால் அதற்கு முன்னால் ஒரு நம்பிக்கை இருந்திருக்க வேண்டும். தொண்டைமானுக்கும் கட்டபொம்மனுக்கும் என்ன சம்பந்தம்? ஒரே கொடியா, ஒரே நாடா? திருச்சி முற்றுகைக் காலம் தொட்டு, 1750களில் இருந்தே, புதுக்கோட்டை கும்பினிக்குச் சோறு போட்ட வீடு. அது பிழைப்புவாதம் என்றால் நானும் கை தூக்குகிறேன். அடிமைப் புத்தி என்றாலும் சரி. இல்லாத உறவுக்குத் துரோகம் என்று பெயர் வைப்பது வசனகர்த்தா வேலை. பாளையக்காரர்கள் அத்தனை பேரும் ஒருவர் மாட்டை ஒருவர் ஓட்டிக்கொண்டிருந்த காலத்தில் இந்தியா என்ற ஒரு பொருளைக் கட்டபொம்மன் மடியில் 1950இல் இருந்து பின்னோக்கி எறிந்தார்கள். எழுத்தாளர் தமிழ்வாணன் கோபத்தில் மறுபக்கம் போய் ‘கட்டபொம்மன் கொள்ளைக்காரன்’ என்று புத்தகமே எழுதினார். கொள்ளைக்காரன், தெய்வம், இரண்டுக்கும் நடுவில் ஒரு மனிதன் நிற்கலாம் என்பதற்கு அன்றைக்கும் இடம் இல்லை. கட்டபொம்மன் வீட்டில் தெலுங்கு பேசினார் என்பதற்காக அவரைக் கழித்துக்கட்ட ஒரு கூட்டம், அதே காரணத்துக்காகத் தூக்கிவைத்துக்கொள்ள இன்னொரு கூட்டம். இந்த அசிங்கம் சமீபத்து வரவு, ம.பொ.சி. கணக்கில் எழுத முடியாது.

அவர் கணக்கில் எழுத வேண்டியது வேறு. திராவிட நாடு கேட்டவர்களை எதிர்த்து ஊர் ஊராக மாநாடு போட்டவர், 1967இல் அதே தி.மு.க. அணியில் தியாகராய நகரில் ஜெயித்தார். 1978இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் மேலவைத் தலைவர் ஆனார். 1986இல் எம்.ஜி.ஆர். மேலவையையே கலைத்தார். தமிழ்நாட்டு மேலவையின் கடைசித் தலைவர் என்ற பட்டம் அவருக்கு நிரந்தரம். கட்டபொம்மனுக்குக்கூட இத்தனை பாளையம் மாறத் தெரிந்திருக்காது. இதையெல்லாம் தன் வரலாற்றில் அவர் எப்படி நியாயப்படுத்தினாலும், தொண்டைமானுக்குக் கொடுக்காத சலுகையை, அதாவது காலத்தின் நெருக்கடி என்கிற சலுகையை, தனக்குக் கொடுத்துக்கொண்டுதான் ஆகவேண்டும்.

நம் மாவட்டத்து மகாஜனங்கள் இந்த இரண்டு வரலாற்றையும் படிக்காமல் மூன்றாவது ஒன்றை வைத்திருக்கிறார்கள். திருமயம் கோட்டைக்குப் போய்ப் பாருங்கள். 1687இல் கிழவன் சேதுபதி கட்டியது என்று தொல்லியல் துறை பலகை சொல்லும். ஊர்க்காரர்கள் வாயில் அது ஊமையன் கோட்டை. கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை பெயர். காட்டிக்கொடுத்ததாகச் சொல்லப்படும் நாட்டின் சனங்கள், தங்கள் நாட்டின் பெரிய கோட்டைக்கு, பிடிபட்டவனின் தம்பி பெயரை வைத்துக் கூப்பிடுகிறார்கள். ராஜா கும்பினியோடு விருந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது அவர் குடிமக்கள் யார் பக்கம் இருந்தார்கள் என்று யாராவது ஆராய்ந்திருக்கலாம். ஆராய மாட்டார்கள். அதில் ராஜா இல்லை, ஃபிளெக்ஸ் இல்லை.

இன்றைய வரலாற்று அரசியல்வாதிக்குப் புத்தகம் எழுதும் சிரமமும் கிடையாது. அவருக்கு வேண்டியதெல்லாம் ஒரு சிலை, ஒரு மணிமண்டபம், ஒரு பாலத்துக்குப் பெயர், வருடம் ஒரு நாள் நூறு காரில் ஊர்வலம். எல்லா சாதிக்கும் ஒரு பேரரசர் ஒதுக்கீடு ஆகிவிட்டது. ராஜராஜனை மட்டும் ஏழெட்டுப் பேர் பாத்தியதை கொண்டாடுகிறார்கள், பட்டா இன்னும் யார் பெயருக்கும் மாறவில்லை. சட்டமன்றத்தில் எழுந்து, எங்கள் மாமன்னருக்கு மணிமண்டபம் வேண்டும் என்பார். அமைச்சர் எழுந்து, நிதிநிலைக்கேற்ப அரசு பரிசீலிக்கும் என்பார். மேஜை தட்டுவார்கள். சோழரைப் பற்றி இவருக்கு என்ன தெரியும்? நார்த்தாமலையில் விஜயாலய சோழீஸ்வரம் என்று ஒன்று இருப்பதும், கொடும்பாளூரில் மூவர் கோயில் என்று மூன்றில் ஒன்று இடிந்து இரண்டு நிற்பதும், குடுமியான்மலைப் பாறையில் இசையைக் கல்லில் வெட்டி வைத்திருப்பதும், சித்தன்னவாசலில் தாமரைக் குளத்து ஓவியம் உதிர்ந்துகொண்டே இருப்பதும் அவர் தொகுதிக்குப் பக்கத்தில்தான். அவர் வாழ்நாளில் வாசித்த கல்வெட்டு ஒன்றே ஒன்று. சமுதாயக் கூடத் திறப்பு விழாக் கல்வெட்டு. அதிலும் தன் பெயர் எத்தனையாவது வரியில் என்று பார்த்ததோடு சரி.

1929இல் இந்தச் சின்ன சமஸ்தானம் தன் எல்லைக்குள் இருந்த கல்வெட்டுகளைப் படியெடுத்து அச்சடித்தது. 1,130 கல்வெட்டுகள். ராஜா ஆஸ்திரேலியப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டு நாட்டை விட்டுப் போய், 1928இல் பிரான்சில் செத்து, ஆறு வயதுப் பையனைக் கொண்டுவந்து சிம்மாசனத்தில் உட்கார வைத்திருந்த நேரம் அது. அந்தக் குழப்பத்திலும் அச்சகத்தில் வேலை நின்றுபோகவில்லை. இன்றைக்கு ஆட்சியும் அதிகாரமும் துறையும் நிதியும் இருக்கிறது. அந்தப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய், இந்தக் கல் இருக்கிறதா, இந்தப் பாறை இருக்கிறதா என்று டிக் அடித்துவர ஒரு மணிமண்டபத்துக்கு ஆகும் காசில் பத்தில் ஒரு பங்கு போதும். பொற்பனைக்கோட்டையில் 2023இல் தோண்டியதில் தங்க மூக்குத்தி கிடைத்ததும் மூக்கைக் காட்டாத அரசியல்வாதி இல்லை. மண்ணுக்குள் இருப்பதைத் தோண்ட போட்டோகிராபர் வருவார். மேலே நிற்கும் பாறையைக் காப்பாற்றுவதற்கு யாரும் வருவதில்லை, ஏனென்றால் பாறை விலைக்குப் போகிறது.

திருமயம் சாலையில் ஒரு மணி நேரம் நின்று பாருங்கள். தார்ப்பாய் பாதி மூடிய டிப்பர்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் போகும். பின்னால் வருகிற பைக்குக்காரன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு ஓட்டுவான், தூசு. ஜல்லி, எம்.சாண்ட், சக்கை. நடைச்சீட்டு இருக்கும் லோடும் உண்டு, ஒரே நடைச்சீட்டில் நாலு நடை போகும் லோடும் உண்டு என்பது டீக்கடையில் உட்கார்ந்திருக்கும் பெரியவருக்குத் தெரியும். துறைக்குத் தெரியாது. இந்த மாவட்டத்தின் வரலாறு காகிதத்தில் எழுதியது கொஞ்சம், கல்லில் எழுதியது மிச்சம். சமணப் படுக்கை, குடைவரை, பாண்டியன் சாசனம், சோழன் தானம் எல்லாம் கருங்கல். அதே கருங்கல்லைத்தான் உடைத்து டன் கணக்கில் விற்கிறார்கள். நினைவுச் சின்னத்தைச் சுற்றி நூறு மீட்டருக்குள் கல் உடைக்கக் கூடாது என்று சட்டம் இருக்கிறது. பாதுகாக்கப்பட்டது என்று அறிவித்தால்தானே அந்த நூறு மீட்டர்? அறிவிக்காத பாறைக்கு அளவு நாடா கிடையாது.

மணிமண்டபம் கட்டுவதற்கும் ஜல்லி வேண்டும் என்பதை மறந்துவிடாதீர்கள். மாமன்னர் வெட்டிய சாசனத்தைப் பொடித்து மாமன்னருக்கே மண்டபம் கட்டும் தொழில்நுட்பம் துருக்கியில்கூட வரவில்லை.

ஜகபர் அலி என்று ஒருவர் இருந்தார். அ.தி.மு.க.காரர், முன்னாள் ஒன்றியக் கவுன்சிலர். திருமயம் பகுதியில் நடந்த கல்குவாரி முறைகேடுகளை எதிர்த்து மனு மேல் மனுவாகப் போட்டார். கனிமவளத் துறை, கோட்டாட்சியர், கலெக்டர் அலுவலகம் என்று ஏறி இறங்கினார். அரசியல்வாதி மலையைப் பற்றிப் பேச வேண்டுமென்றால் அவர் பேசியதுதான் பேச்சு. எந்தப் புல எண்ணில் எவ்வளவு எடுத்தார்கள் என்பது. 2025 ஜனவரி 17, வெள்ளிக்கிழமை. தொழுகை முடித்துத் திரும்பிக்கொண்டிருந்தவர் மேல் லாரியை ஏற்றிக் கொன்றார்கள். முதலில் விபத்து என்று போனது. பிறகு கொலை வழக்கு, குவாரி உரிமையாளர்கள் கைது, சி.பி.சி.ஐ.டி. மனைவி போலீசில் புகார் கொடுக்காமல் இருந்திருந்தால் அரசாங்க ஏட்டில் அது இன்றுவரை சாலை விபத்துதான். நூறு கார் ஊர்வலத்துக்கு முன்னால் போகிற வீர வம்சத்து வாரிசுகள் யாரும் அந்த மனுக்களை வாங்கி அடுத்த மனுவை எழுதியதாக நான் கேள்விப்படவில்லை. அவர்கள் வாள் ஃபோட்டோஷாப் வாள்.

வேங்கைவயலுக்கு வருவோம். அன்னவாசல் ஒன்றியம், முத்துக்காடு ஊராட்சி. 2022 டிசம்பர் கடைசியில் குழந்தைகளுக்கு வாந்தி பேதி. தண்ணீரைப் பாருங்கள் என்று டாக்டர் சொல்கிறார். 26ஆம் தேதி பட்டியல் சாதி மக்கள் குடிக்கிற மேல்நிலைத் தொட்டியில் ஏறிப் பார்த்தால், மனிதன் போட்ட மலம் மிதக்கிறது. அதே ஊர்ப் பக்கம் இறையூரில் கலெக்டர் விசாரிக்கப் போன இடத்தில் டீக்கடையில் இரட்டைக் குவளையும், அந்த மக்களை உள்ளே விடாத அய்யனார் கோயிலும் தானாகவே சாட்சிக்கு வந்து நின்றன. வழக்கு சி.பி.சி.ஐ.டி.க்குப் போனது. உயர் நீதிமன்றம் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவரை ஒருநபர் ஆணையமாகப் போட்டது. ரத்தம் எடுத்தார்கள், டி.என்.ஏ. பார்த்தார்கள், செல்போன் பார்த்தார்கள், குரல் பார்த்தார்கள். இரண்டு வருடம் கழித்து 2025 ஜனவரியில் குற்றப்பத்திரிகை வந்தது. குற்றவாளிகள் என்று அரசாங்கம் காட்டியது மூன்று பேர். மூன்று பேரும் அந்தத் தண்ணீரைக் குடித்த அதே வேங்கைவயல்காரர்கள்.

ஊர் ஏற்கவில்லை. இடதுசாரிகளும் விடுதலைச் சிறுத்தைகளும் சி.பி.ஐ. விசாரணை கேட்டார்கள். உண்மை எது என்று நீதிமன்றம் சொல்லட்டும். நான் கேட்பது வரலாற்றுப் பேச்சாளர்களை. முந்நூறு வருட வீரம் பேசுகிறீர்களே, மூன்று வருடத்துக்கு முன் உங்கள் தொகுதியில், உங்கள் எல்லைக்குள், ஒரு குடிநீர்த் தொட்டிக்குள் நடந்ததைப் பற்றி எந்தக் குருபூஜையில் பேசினீர்கள்? 1799இல் யார் யாரைக் காட்டிக்கொடுத்தான் என்று மூன்று மணி நேரம் முழங்குகிறவர், 2022இல் ஏணியில் ஏறியவன் யார் என்று கேட்டால் காது கேட்காதவர் போல மைக்செட்காரரிடம் எக்கோவைக் குறைக்கச் சொல்கிறார்.

காரணம் ஒன்றும் மர்மம் இல்லை. கட்டபொம்மனுக்கு இந்தத் தொகுதியில் ஓட்டு கிடையாது, தொண்டைமானைத் திட்டினால் வாக்குச்சாவடி ஒன்றும் குறையாது. ஏணி வைத்து ஏறியவன் எவனாக இருந்தாலும் உயிரோடு இருக்கிறான். வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்கிறது. பாகம் எண் உண்டு, வரிசை எண் உண்டு, அவன் வீட்டில் இன்னும் நாலு ஓட்டு உண்டு.